தங்கையை அடிக்கும் மகன்: நானும் அடித்தால் திருந்துவானா?

"என் மகனுக்கு ஐந்து வயது. இரண்டு வயதுத் தங்கையை அடிக்கிறான். கோபத்தில் நானும் அவனுக்கு இரண்டு போட்டுவிடுகிறேன். அப்போதைக்கு அடங்குகிறான், மறுநாள் மறுபடியும் அடிக்கிறான். இப்போது யூகேஜி மிஸ்ஸும் புகார் சொல்கிறார். 'முருங்கையை ஒடித்து வளர்க்கணும், பிள்ளையை அடித்து வளர்க்கணும்' என்கிறார் மாமியார். என்ன செய்வது?"
- வாசகி, ஈரோடு

'அப்போதைக்கு அடங்குகிறான்' என்று எழுதியிருக்கிறீர்களே அம்மா, நம்மை ஏமாற்றுவது அதுதான். அடி விழுந்ததும் பிள்ளை பயந்து நிறுத்துகிறது, அடி பலித்துவிட்டது என்று நாம் நம்பிவிடுகிறோம். பயந்து அழும் பிள்ளைக்கு நாம் சொல்லும் காரணம் எதுவும் ஏறாது. அம்மாவுக்குக் கோபம் வந்தால் கை நீளும் என்பது மட்டும் பதியும். தனக்குக் கோபம் வரும்போது அவனும் அதையே செய்கிறான்.

அமெரிக்க ஆய்வாளர்கள் கெர்ஷாஃபும் குரோகன்-கேலரும் 75 ஆய்வுகளை, ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்ட பிள்ளைகளின் விவரங்களைத் தொகுத்து 2016இல் வெளியிட்டார்கள். காயம்படாமல் கையால் அடிப்பதைத்தான் முக்கியமாகப் பார்த்தார்கள். அப்படி அடி வாங்கிய பிள்ளைகளிடம் முரட்டுத்தனம் கூடுதலாகவே இருந்தது. 'முரட்டுப் பிள்ளைதானே அதிகம் அடி வாங்கும்?' என்று மாமியார் கேட்கலாம். நியாயமான கேள்வி. பிள்ளைகளைப் பல வருடம் தொடர்ந்து கவனித்த ஆய்வுகளிலும், அடி வாங்க வாங்க முரட்டுத்தனம் ஏறுவதே தெரிகிறது.

சரி, அவன் கை ஓங்கும்போது என்ன செய்வது? கையை மெதுவாகப் பிடித்து, "கோபம் வந்திருக்கு, தெரியுது. அடிக்க விடமாட்டேன்" என்று மட்டும் சொல்லுங்கள். அப்புறம் பாப்பாவைத் தூக்குங்கள். அவன் அழுது முடித்த பிறகு, "பாப்பா என் வண்டியை எடுத்துட்டா" என்று உங்களிடம் ஓடி வந்து சொல்லப் பழக்குங்கள். அப்படி வந்து சொல்லும்போது அடுப்பை அணைத்துவிட்டாவது போய்ப் பாருங்கள். சொன்னால் அம்மா வருவாள் என்று தெரிந்தால்தான் அடுத்த முறையும் சொல்வான்.

எந்த நேரத்தில் அடிக்கிறான் என்று ஒரு வாரம் குறித்து வையுங்கள். பள்ளி விட்டு வந்த பசியிலா, தூக்கக் கலக்கத்திலா? நேரம் தெரிந்தால் பாதிச் சண்டையை முன்கூட்டியே தவிர்க்கலாம். அவனுக்கே அவனுக்கென்று தினமும் பதினைந்து நிமிடம் ஒதுக்குங்கள். அந்த நேரத்துக்குப் பாப்பாவை மாமியாரிடம் விடுங்கள், அவரோடு பழமொழிச் சண்டை வேண்டாம்.

நடுவில் உங்கள் கை நீண்டுவிட்டால், "அம்மா அடிச்சது தப்பு" என்று அவனிடமே சொல்லுங்கள். மிஸ்ஸிடமும் வீட்டு முறையைச் சொல்லி வையுங்கள். பள்ளியில் அடிப்பதை 2009ஆம் ஆண்டுக் கல்வி உரிமைச் சட்டமே தடை செய்திருக்கிறது. இரண்டு மூன்று மாதம் இப்படிச் செய்தும் குறையாவிட்டால், குழந்தைகள் மனநல மருத்துவரிடம் ஒருமுறை அழைத்துப் போங்கள்.