ஜார்ஜ்டவுன் சுவரோவியங்கள்: கேளுங்கள், சொல்கிறேன்

பினாங்கு ஜார்ஜ்டவுனில் உரிமம் பெற்ற சுற்றுலா வழிகாட்டியாக இருக்கிறேன். பேருந்துக் கூட்டத்தை நான் எடுப்பதில்லை. ஒரு குடும்பம், அதிகம் போனால் ஆறு பேர், நடந்தே போவோம். சுவரோவியங்களைப் பற்றித் தனித்தனியாகக் கேட்கிறவர்கள் அதிகமாகிவிட்டதால் இன்று எல்லோருக்கும் ஒரே இடத்தில் பதில் சொல்ல உட்கார்ந்திருக்கிறேன். தொடங்கும் முன்னால் ஒரு வார்த்தை: சுவரில் சாயாதீர்கள். காரணத்தைப் போகப் போகச் சொல்கிறேன்.

சென்னையிலிருந்து, முதல் முறை வருகிறவர்: அக்கா, படங்கள் எல்லாம் தெருவிலேயே இருக்கின்றன. ஃபோனில் வரைபடமும் இருக்கிறது. அப்புறம் எதற்குக் காசு கொடுத்து வழிகாட்டி?

படத்தோடு ஒரு புகைப்படம் போதும் என்றால் வேண்டாம் தம்பி. வரைபடமே கொண்டுபோய்விடும்.

ஆனால் கேனன் தெருவை எடுத்துக்கொள்ளுங்கள். அங்கே ஒரு சிறுவன் நாற்காலி மேல் ஏறி நின்று சுவரில் இருக்கும் ஓட்டைக்குக் கை நீட்டுகிற படம் இருக்கிறது. நாற்காலி நிஜ நாற்காலி. எல்லோரும் அதைப் படம் எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுகிறார்கள். அதே தெருவில் இரும்புக்கம்பியை வளைத்துச் செய்த கேலிச்சித்திரம் ஒன்று மாட்டியிருக்கிறது. 1867-இல் இந்த ஊரில் பெரிய கலவரம் நடந்தது. பகைமை கொண்ட சீனச் சங்கங்கள் இரண்டு எதிரெதிராக நிற்க, வெள்ளைக்கொடி, செங்கொடி என்ற முஸ்லிம் சங்கங்கள் ஆளுக்கு ஒன்றோடு சேர்ந்துகொண்டன. பத்து நாள் அடிதடி. அப்போது பீரங்கிக் குண்டு விழுந்த பள்ளத்தால்தான் தெருவுக்கு இந்தப் பெயர் வந்தது என்று அந்தக் கம்பிச் சித்திரம் சொல்கிறது. அதைத் தெரிந்துகொண்டு மறுபடி அந்தத் தெருவைப் பாருங்கள், வேறு தெருவாகத் தெரியும்.

கம்பிச் சித்திரங்கள் மொத்தம் 52. 2009-இல் மாநில அரசு நடத்திய போட்டியில் வென்ற திட்டம் அது. ஒவ்வொன்றும் அது மாட்டியிருக்கும் தெருவின் கதையைச் சொல்லும். முன்ட்ரி தெருவும் லெய்த் தெருவும் சந்திக்கும் மூலையில் இருப்பது, காலணி வடிவமைப்பாளர் ஜிம்மி சூ தொழில் பழகிய இடத்தைக் காட்டுகிறது.

வண்ணப் படங்களில் பெயர் பெற்றவை லித்துவேனியாவைச் சேர்ந்த எர்னஸ்ட் ஸகாரெவிச் 2012-இல் ஜார்ஜ்டவுன் கலைவிழாவுக்காக வரைந்தவை. அவர் சுவரை வெள்ளைத் தாளாக நினைக்கவில்லை. ஆர்மேனியன் தெருவில் அக்காளும் தம்பியும் ஓட்டும் சைக்கிள் நிஜம், சுவரில் பதித்தது. அக்கீ தெரு மோட்டார் சைக்கிளும் நிஜம். முன்ட்ரி தெருவில் நீலச் சட்டைப் பெண்குழந்தை இரண்டு ஜன்னல்களின் மேல் கைகளை ஊன்றித் தொங்குகிறாள். ஜன்னல்கள் அந்த வீட்டுக்காரருடையவை. வீடு இல்லாமல் படம் இல்லை. இதைத்தான் நான் கூட நடந்து காட்டுகிறேன்.

கோவை: மொத்தம் எவ்வளவு நேரம் ஆகும்?

இரண்டரையிலிருந்து மூன்று மணி நேரம், நடுவில் ஒரு கோப்பிக் கடையோடு சேர்த்து.

ஈப்போ ஆசிரியை: சகோதரி, பினாங்கின் பழைய தெருவே சூலியா தெரு. சூலியா என்றால் நம் ஆட்கள். ஆனால் இந்தச் சுவர்களில் தமிழ் முகம் எங்கே?

இந்தக் கேள்விக்காகக் காத்திருந்தேன். ஆமாம், சூலியா என்று அந்தக் காலத்தில் தமிழ் முஸ்லிம்களைத்தான் அழைத்தார்கள். 1801-இல் நிறுவிய கப்பித்தான் கிளிங் பள்ளிவாசல், சூலியா தெருவில் இருக்கும் நாகூர் தர்கா, குயின் தெருவில் 1833-ஆம் ஆண்டு மாரியம்மன் கோவில், எல்லாம் ஓவியங்களிலிருந்து சில நிமிட நடைதான். துறைமுகத்தில் தொங்கான் என்ற சரக்குப் படகுகளில் ஏற்றி இறக்கியவர்களில் நம் ஆட்கள் நிறைய. ரஷ்ய ஓவியர் யூலியா வோல்ச்கோவா ஓர் இந்தியப் படகோட்டியைப் பெரிதாக வரைந்திருக்கிறார். அந்த முகத்தின் முன் நான் ஒவ்வொரு முறையும் கொஞ்சம் கூடுதலாக நிற்பேன்.

அது போதுமா? போதாது. சாமான் சுமந்தவர், நாணயம் மாற்றியவர், மாலை கட்டியவர், இவர்கள் சுவரில் வர வேண்டும். நம் பிள்ளைகளில் வரையத் தெரிந்தவர்கள் மாநகராட்சியிடமும் வீட்டுக்காரரிடமும் முறையாக அனுமதி கேட்டு வரைய வரட்டும். அதுவரை நான் படம் இல்லாத சுவர்களின் முன்னும் நின்று கதை சொல்கிறேன். அதற்கும் சேர்த்துத்தான் இரண்டரை மணி நேரம்.

கோலாலம்பூர்: நல்ல வெளிச்சம் எந்த நேரம்?

காலை ஏழரை. இங்கே சூரியன் ஏழு மணிக்கு மேல்தான் எழும். சென்னைக் கணக்கில் ஆறு மணிக்கு வந்து நிற்காதீர்கள், இருட்டாக இருக்கும். ஒன்பதரைக்கு மேல் ஆர்மேனியன் தெரு சைக்கிளுக்கு வரிசை நிற்கும். அப்புறம், வரிசையில் நிற்கும்போது சுவரில் சாயாதீர்கள்.

இரண்டு பிள்ளைகளின் அம்மா: பிள்ளைகளோடு வந்தால் எவ்வளவு நேரம்?

அதே இரண்டரை மணி நேரம்தான் மா. அலுத்துவிட்டால் பூனைகளைத் தேடச் சொல்லுங்கள். தெரு விலங்குகளுக்காக 2013-இல் கலைஞர்கள் சேர்ந்து வரைந்த பூனைப் படங்கள் பல சந்துகளில் இருக்கின்றன. சூலியா தெருத் துறைப்பக்கம் லூயிஸ் கான் வரைந்த ஊஞ்சலும் பிள்ளைகளுக்குப் பிடிக்கும்.

கெடா, பெயிண்ட் கடை வைத்திருந்தவர்: போன மாதம் வந்து பார்த்தேன். பாதிப் படங்கள் மங்கிவிட்டன. சியூ ஜெட்டி என்ற படகுத்துறைக் குடியிருப்பில் படகுக் குழந்தைகள் படம் இருந்த சுவர் பரிதாபமாக இருக்கிறது. வெளிச்சுவர் வார்னிஷ் இரண்டு கோட் அடித்தால் பத்து வருடம் நிற்குமே. ஏன் யாரும் செய்வதில்லை?

ஐயா, உங்கள் அக்கறை புரிகிறது. ஆனால் அந்த வார்னிஷ்தான் படத்தைக் கொல்லும்.

இங்குள்ள கடைவீடுகள் செங்கல்லும் சுண்ணாம்புச் சாந்தும் கொண்டு கட்டியவை. அஸ்திவாரத்தில் ஈரத்தைத் தடுக்கும் அடுக்கு கிடையாது. தரையின் ஈரம் சுவரில் ஏறிக்கொண்டே இருக்கும். சுண்ணாம்புப் பூச்சு அந்த ஈரத்தை வெளியே விட்டுவிடும். சுவர் மூச்சு விடுகிறது என்று கொத்தனார்கள் சொல்வது இதைத்தான். மேலே வழுவழுப்பாக ஒரு படலத்தை அடித்தால் ஈரம் உள்ளே மாட்டிக்கொள்ளும். ஈரத்தோடு வரும் உப்பு உள்ளேயே படிகமாகி, பூச்சைப் பின்னாலிருந்து தள்ளும். கொப்புளம் வரும், பிறகு தகடு தகடாக விழும். இப்போதுள்ள ஓவியங்களின் செயற்கைப் பெயிண்டே அந்த வேலையைப் பாதி செய்துவிட்டது. அதனால்தான் சாயாதீர்கள் என்று திரும்பத் திரும்பச் சொல்கிறேன். வெளியே நன்றாகத் தெரியும் இடத்திலும் உள்ளே பூச்சு விட்டிருக்கும். தோள் பட்டால் போதும்.

அதே பெயிண்ட் கடைக்காரர்: சரி, வார்னிஷ் வேண்டாம். மறுபடி தீட்டலாமே? கோபுரத்துக்குப் பன்னிரண்டு வருடத்துக்கு ஒருமுறை வண்ணம் தீட்டிக் கும்பாபிஷேகம் செய்கிறோம். யாரும் பழைய வண்ணம் போய்விட்டதே என்று அழுவதில்லை.

நல்ல கேள்வி, இதை நானும் நிறைய யோசித்திருக்கிறேன். கோபுரத்துச் சிற்பத்துக்கு இலக்கணம் இருக்கிறது. முருகனுக்கு எந்தக் கையில் எது என்று ஸ்தபதிக்குத் தெரியும். கை மாறினாலும் முருகன் முருகன்தான். சைக்கிள் ஓட்டும் அந்தப் பெண்ணின் சிரிப்புக்கு இலக்கணம் இல்லை. அது ஒருவருடைய கை. வேறொருவர் தீட்டினால் அது வேறொரு பெண்ணாகிவிடும். வரைந்தவர் உயிரோடு இருக்கிறார். அவரைக் கேட்காமல் யாரும் தொடக்கூடாது என்பது என் கருத்து.

பாரம்பரிய வட்டாரத்தில் வீடு உள்ளவர்: இரண்டு பேரும் படத்தைப் பற்றியே பேசுகிறீர்கள். அந்தச் சுவருக்குப் பின்னால் நாங்கள் சமைக்கிறோம், தூங்குகிறோம். காலையில் கதவைத் திறந்தால் அஞ்சடியில், அதாவது வீட்டு முன் நடைபாதையில், இருபது பேர் நிற்கிறார்கள். எங்கள் பெயரை யாரும் கேட்டதில்லை. என்னைக் கேட்டால் எல்லாம் மங்கிப் போகட்டும்.

நீங்கள் சொல்வதில் நியாயம் இருக்கிறது. வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் 2000-இல் விலகியபோது பழைய குடித்தனக்காரர்கள் ஏராளமாக வெளியேறினார்கள். 2008-இல் யுனெஸ்கோ பட்டியலில் ஊர் சேர்ந்தது, நான்கு வருடத்தில் ஓவியங்கள் வந்தன. மிஞ்சியிருக்கிற உங்களைப் போன்றவர்கள்தான் இந்த ஊரை ஊராக வைத்திருக்கிறீர்கள். என்னோடு வருகிறவர்களை அஞ்சடியில் நிற்க விடுவதில்லை, எதிர்ப்பக்கம் நிறுத்துகிறேன். தாழ்ந்த குரலில்தான் பேசுவோம். ஆறு பேருக்கு மேல் எடுக்காததற்கும் இதுதான் காரணம்.

ஜொகூர் பாரு: எங்கள் ஊரில் மங்கும்வரை கூட விடவில்லை. 2013 நவம்பரில் அதே ஸகாரெவிச் லெகோ பொம்மைப் பெண்ணையும் மூலையில் கத்தியோடு ஒரு திருடனையும் வரைந்தார். மாநகராட்சி சில நாளில் வெள்ளையடித்துவிட்டது. அதற்குள் அந்தப் படம் இணையம் முழுக்கப் பரவிவிட்டது. அழித்தால் அழியாது என்று காட்டிவிட்டதே?

படம் அழியவில்லை, சரி. ஆனால் அந்தச் சுவர் மூலையில் திரும்பும்போது திருடன் தெரிவது இருக்கிறதே, அது போய்விட்டது. அந்த இடத்தில் நின்றால்தான் அது வேலை செய்யும். என் கவலை எல்லாம் இதுதான்.

பெயிண்ட் கடைக்காரர்: அப்படியென்றால் மங்க விடுவதும் அழிப்பதுதானே, மகளே? மெதுவாக அழிப்பது.

இல்லை ஐயா. வெள்ளையடிப்பது ஒருவர் எடுக்கும் முடிவு. மங்குவதில் வெயிலும் மழையும் உப்பும் சேர்ந்திருக்கின்றன. அதைப் பார்க்க எனக்கும் வலிக்கிறது.

ஒன்று சொல்கிறேன். சில வருடம் முன்பு என்னோடு வந்த ஒருவர், படம் பளிச்சென்று வரட்டும் என்று ஈரக் கைக்குட்டையால் ஒரு முகத்தைத் துடைத்தார். நல்ல மனதோடுதான் செய்தார். துணியோடு கன்னத்தில் ஒரு விரலகலம் பெயர்ந்து வந்துவிட்டது. நான் முன்கூட்டியே எச்சரிக்கவில்லை. அன்று இரவு தூக்கம் வரவில்லை. அதற்குப் பிறகுதான் முதல் நிமிடத்திலேயே சாயாதீர்கள், தொடாதீர்கள் என்று சொல்லத் தொடங்கினேன். நீங்கள் இவ்வளவு கேட்ட பிறகு ஒன்றை ஒத்துக்கொள்கிறேன்: வரைந்தவரே வந்து, சுவரின் ஈரத்தை முதலில் சரிசெய்து, சுண்ணாம்புப் பூச்சைப் புதுப்பித்து மறுபடி வரைய முன்வந்தால், வீட்டுக்காரரும் சம்மதித்தால், நான் எதிர்க்க மாட்டேன். இந்த வரிசை மாறக்கூடாது. முதலில் வீட்டில் இருப்பவர், அடுத்து சுவர், அப்புறம்தான் படம்.

திருச்சி: சுற்றிப் பார்க்க எத்தனை மணி நேரம் ஆகும் அக்கா?

மேலே இரண்டு முறை சொல்லிவிட்டேன். படித்துவிட்டுக் கேளுங்கள்.

மதுரை: சைக்கிள் படம் எங்கே இருக்கிறது? ஏறி உட்காரலாமா?

ஆர்மேனியன் தெரு. கூடாது.

சிங்கப்பூர்: ஈப்போவிலும் ஸகாரெவிச்சின் ஓவியங்கள் இருக்கின்றனவாமே, அதையும் காட்டுவீர்களா?

இருக்கின்றன, 2014-இல் வரைந்தவை. ஆனால் ஈப்போவை ஈப்போக்காரர்தான் காட்ட வேண்டும். அங்கே உரிமம் உள்ள வழிகாட்டியைத் தேடுங்கள். கழுத்தில் அட்டை இருக்கிறதா என்று பாருங்கள். அட்டை இல்லாமல் கூட்டிப் போகிறவர்களை நம்பாதீர்கள், இங்கேயும்தான்.

பட்டர்வொர்த்: ஜார்ஜ்டவுனில் பழைய கடைவீடு வாங்கியிருக்கிறேன். சுவரில் ஓவியம் வரையச் சொல்லலாமா?

பாரம்பரிய வட்டாரத்துக்குள் என்றால் மாநகராட்சியின் பாரம்பரியப் பிரிவில் கேட்காமல் தூரிகையைத் தொடாதீர்கள். மற்றது என் துறை இல்லை.

கிள்ளான்: மழைக்காலத்தில் வரலாமா?

செப்டம்பர், அக்டோபரில் மழை அதிகம். பெரும்பாலும் பிற்பகலில் கொட்டும், காலையில் நடக்கலாம். குடையைச் சுவரில் சாத்தி வைக்காதீர்கள்.

சேலம்: அப்பாவுக்கு எழுபத்தெட்டு வயது, சக்கர நாற்காலி. அவர் சின்ன வயதில் பினாங்கில் இருந்தவர். கூட்டி வரலாமா, எவ்வளவு நேரம் ஆகும்?

நேரத்தை விடுங்கள், கூட்டி வாருங்கள். அஞ்சடியில் வீட்டுக்கு வீடு தரை ஏறி இறங்கும், அங்கே நாற்காலி போகாது. காலை ஏழரைக்குத் தெருவில் வண்டி குறைவு, ஓரமாகத் தள்ளிக்கொண்டே ஆர்மேனியன் தெருவும் கேனன் தெருவும் பார்த்துவிடலாம். மற்ற இடங்களுக்கு திரிஷா என்ற சைக்கிள் ரிக்‌ஷா பிடிப்போம். பெரிய சந்துகளுக்குள் மட்டும் போவோம், சூ ஹோங் சந்து போன்ற குறுகலானவற்றை விட்டுவிடலாம். அப்பா எந்தத் தெருவில் இருந்தார் என்று கேட்டு எழுதுங்கள். அங்கே ஓவியம் இல்லாவிட்டாலும் அங்கிருந்தே தொடங்குவோம்.