அம்மா போட்ட காசும் அம்மா சேர்த்துவிட்ட மாமியும்

கொக்குவிலில் இருந்து ஒரு தங்கச்சி எழுதியிருக்கிறார். மாதம் 8 வீதம் தருவதாகச் சொன்ன ஒருவரிடம் அம்மா 10 இலட்சம் போட்டிருக்கிறார், கனடாவில் இருக்கிற அண்ணா அனுப்பியது பாதி, காப்பை அடகு வைத்தது மீதி. ஐந்து மாதம் ஒழுங்காக வந்ததாம், பிறகு ஆள் போனே எடுப்பதில்லை. அம்மா சரியாகச் சாப்பிடுவதில்லை, கோயிலுக்கும் போவதில்லை. என்ன செய்யலாம்?

முதலில் கணக்கு. கைக்கு வந்த 4 இலட்சம் வட்டி இல்லை தங்கச்சி, அம்மாவின் காசே திரும்பி வந்திருக்கிறது, இல்லாவிட்டால் பின்னால் சேர்ந்த யாரோ ஒருவரின் காசு. ஆக, போனது 6 இலட்சம்.

ஆனால் கடைசி வரியில் போகிற போக்கில், "பக்கத்து வீட்டு மாமியையும் அம்மாதான் சேர்த்துவிட்டவ" என்று எழுதியிருக்கிறீர்களே, அம்மாவுக்குத் தொண்டையில் சோறு இறங்காததற்கு அதுதான் காரணம் என்று நினைக்கிறேன். 2008 டிசம்பரில் நியூயோர்க்கில், இதே மாதிரிப் பின்னால் சேர்ந்தவர்களின் காசை முன்னால் சேர்ந்தவர்களுக்குக் கொடுத்து ஏமாற்றிய மேடொஃப் கைதாகி இரண்டு வாரம் ஆகமுன்னமே, தன்னை நம்பியவர்களின் காசை அவரிடம் கொண்டுபோய்ப் போட்ட பிரெஞ்சு நிதி முகாமையாளர் ஒருவர் உயிரை மாய்த்துக்கொண்டார். படித்த, பெரிய இடத்து மனிதர். பயமுறுத்தச் சொல்லவில்லை, அம்மாவைத் தனியே விடாதீர்கள், "பேராசைதானே" என்று அப்பா குத்திக்காட்டுவதை இன்றோடு நிறுத்தச் சொல்லுங்கள். இரவில் நித்திரையே இல்லையென்றால் 1926க்கு எடுத்துப் பேசலாம், அது தேசிய மனநல உதவி இலக்கம்.

மாமியிடம் நீங்களே போய்ச் சொல்லுங்கள், அவர் இன்னும் காசு போடமுன்னம். ஏசுவார்தான், ஏசட்டும். அப்புறம் இரண்டு வீடும் சேர்ந்தே பொலிஸில் முறைப்பாடு கொடுங்கள், வாட்ஸ்அப் செய்தி, வங்கிச் சிட்டை, கையெழுத்து வாங்கிய துண்டு எல்லாவற்றையும் பிரதி எடுத்துவைத்துவிட்டு. அனுமதிப்பத்திரம் இல்லாமல் பொதுமக்களிடம் வைப்புப் பணம் வாங்குவது 2011ஆம் ஆண்டின் 42ஆம் இலக்க நிதித் தொழில் சட்டப்படி குற்றம், ஆகவே மத்திய வங்கிக்கும் எழுதுங்கள். காசு கெதியில் வராது. இங்கே பொதுமக்களிடம் வைப்புப் பணம் வாங்கிய கோல்டன் கீ என்ற கடனட்டை நிறுவனம் விழுந்ததும் அதே 2008 டிசம்பரில்தான், அதில் போட்டவர்கள் வருடக்கணக்காக நீதிமன்றத்துக்கு அலைந்தார்கள். இடையில் யாராவது "மீட்டுத் தாறன், முதலில் கொஞ்சம் கட்டுங்கோ" என்று வந்தால் அது அடுத்த களவு.

அடகுச் சிட்டின் தவணைத் திகதியை இன்றைக்கே பாருங்கள். அண்ணாவிடம் உண்மையைச் சொல்லி வட்டியையாவது கட்டிப் புதுப்பித்தால், காப்பு ஏலத்துக்குப் போகாது.