அது கவரிங் செயின் இல்லையே, தம்பி

கேள்வி: நான் பள்ளிபாளையத்துக்காரன். வயது 31. சென்னையில் விளம்பரப் படங்களுக்கு எடிட்டிங் செய்கிறேன். அப்பா விசைத்தறி ஓட்டியவர். நான் ப்ளஸ் ஒன் படித்தபோது வட்டிக்காரர்கள் வீட்டு வாசலில் வந்து உட்கார்ந்துகொள்ள, அம்மா தாலிக்கொடியைக் கழற்றிக் கொடுத்தார். அந்த நாளை வைத்து 94 நிமிடப் படம் ஒன்று எடுத்திருக்கிறேன். எங்கள் வீட்டிலேயே, அப்பா அம்மாவையே நடிக்கவைத்து. பாதி நடந்தது, பாதி கற்பனை. ஈரான் இயக்குநர் கியாரோஸ்தமியும் அமெரிக்க இயக்குநர் காவே ஜாஹெதியும்தான் என் ஆசான்கள். பைக்கை விற்று, நண்பர்களிடம் கைமாற்று வாங்கிப் படத்தை முடித்தேன். சின்ன விஷயத்தில்கூட உண்மை வேண்டும் என்று பிடிவாதமாக இருந்தேன். தாலிக் காட்சியில் அப்பா திண்ணையில் தலைகுனிந்து உட்கார்ந்திருப்பார். முதல் இரண்டு டேக் கவரிங் செயினில் சரியாக வரவில்லை. மூன்றாவதில் அம்மாவின் சொந்தக் கொடியையே கழற்றச் சொல்லி எடுத்தோம், யூனிட்டே கலங்கிவிட்டது. அம்மா சந்தோஷமாகத்தான் நடித்தார். ஐந்து விழாக்கள் நிராகரித்தபின் இப்போது ஒரு வெளிநாட்டு விழா தேர்ந்தெடுத்திருக்கிறது. வேலையை விட்டுவிட்டு முழுநேரமாக இறங்கலாமா? ஓடிடிக்கு எப்படிப் போவது? வீட்டில் யாருக்கும் நான் செய்வது புரியவில்லை. அக்கா நான்கு மாதமாகப் பேசுவதே இல்லை.

— பெயர் வேண்டாம், பள்ளிபாளையம்

பதில்: தம்பி, வேலையை விடலாமா, ஓடிடிக்காரர்களை எப்படிப் பிடிப்பது என்று கேட்டு எனக்கு நிறையக் கடிதம் வருகிறது. பதில் பெரும்பாலும் ஒன்றுதான், பிறகு சொல்கிறேன். உங்கள் கடிதத்தில் அந்தக் கவரிங் செயின் வரியைத் தாண்டி என்னால் நகர முடியவில்லை.

அதை நீங்கள் பெருமையாக எழுதியிருக்கிறீர்கள். எனக்குப் பட்டது வேறு. இரண்டு டேக் வரைக்கும் உங்கள் அம்மா நடித்திருக்கிறார். மூன்றாவதில் அவர் நடிக்கவில்லை. கட்டியவர் உயிரோடு திண்ணையில் உட்கார்ந்திருக்க, கழுத்துக் கொடியை நிஜமாகவே கழற்றியிருக்கிறார். முதல் தடவை வட்டிக்காரன் கழற்றவைத்தான். இரண்டாம் தடவை நீங்கள்.

சிலது கேட்கிறேன், பதிலை எனக்கு எழுத வேண்டாம். கொடியை இறக்கும் முன் மஞ்சள் கயிற்றில் கொம்பு மஞ்சள் கோத்துக் கழுத்தில் கட்டிக்கொண்டாரா? அடகுக் கடைக்குப் போகிற பெண்ணானாலும், அறுந்த கொடியைப் பற்றவைக்க ஆசாரியிடம் கொடுக்கிறவளானாலும், முதலில் கயிறு ஏறும், அப்புறம்தான் கொடி இறங்கும். உங்கள் ஷாட்டில் அந்தக் கயிறு இருந்ததா, அல்லது பிரேமில் உறுத்துகிறது என்று வேண்டாமென்றீர்களா? நம் அம்மாக்களின் கொடியில் எப்போதும் ஒன்றிரண்டு ஊக்கு தொங்கும். அவசரத்துக்கு உதவும் என்று கோத்து வைத்தது, அங்கேயே தங்கிவிடும். கன்டினியூட்டிக்காக அதையும் கழற்றச் சொன்னீர்களா? எல்லாவற்றையும்விட, இரண்டாவது டேக் முடிந்து மூன்றாவது தொடங்குமுன் அம்மாவின் பக்கத்தில் போய் என்ன சொன்னீர்கள்? படத்தில் வராத வசனம் அதுதான். அது என்னவென்று உங்களுக்கும் அவருக்கும் மட்டுமே தெரியும்.

அப்பா தலைகுனிந்து உட்கார்ந்திருந்தார் என்கிறீர்கள். அதற்கு இரண்டாவது டேக் தேவைப்பட்டிருக்காது.

அம்மா சந்தோஷமாக நடித்தார் என்று ஒரு வரியும் சேர்த்திருக்கிறீர்கள். கேட்கிறவன் பெற்ற பிள்ளை. அவன் பைக்கை விற்றிருக்கிறான், கடன் வாங்கியிருக்கிறான். வீடு முழுக்க லைட்டும் ஒயருமாக வெளியாட்கள் நிற்கிறார்கள். அத்தனை பேருக்கும் மதியச் சோறு வடித்ததும் அவராகத்தான் இருக்கும். அந்த நேரத்தில் "இது மட்டும் வேண்டாம் கண்ணு" என்று ஒரு தாயால் சொல்ல முடியுமா? சொல்ல முடியாத இடத்தில் நிறுத்திவிட்டு, அவர் பேசாமல் இருந்ததைச் சம்மதம் என்று எழுதிக்கொள்வது வட்டிக்காரர்கள் பத்திரம் எழுதுகிற முறை. ஊரார் வீட்டுப் பெண்ணாக இருந்திருந்தால் நீங்களே தயங்கியிருப்பீர்கள். நம் அம்மாதானே என்ற உரிமை! அந்த உரிமைக்குப் பிள்ளைகள் வைத்திருக்கிற அர்த்தம் எனக்கு எப்போதுமே பிடித்ததில்லை. பெற்றவர்கள் நமக்குக் கடன்பட்டவர்கள் இல்லை.

உங்கள் ஆசான்களையே எடுத்துக்கொள்வோம். 1990இல் கியாரோஸ்தமி எடுத்த 'குளோஸ்-அப்'பை நீங்கள் எத்தனையோ முறை பார்த்திருப்பீர்கள். ஹொசைன் சப்ஸியான் என்ற ஏழை, சினிமாப் பைத்தியம், தன்னை இயக்குநர் மக்மல்பாஃப் என்று சொல்லிக்கொண்டு டெஹ்ரானில் ஒரு குடும்பத்துக்குள் நுழைந்து மாட்டிக்கொள்கிறார். பத்திரிகையில் செய்தி வருகிறது. கியாரோஸ்தமி சிறைக்கே போய் அவரைப் பார்க்கிறார். நான் உங்களுக்கு என்ன செய்ய முடியும் என்று கேட்கிறார். என் துயரத்தைப் படமாக எடுங்கள் என்கிறார் சப்ஸியான். கேட்டவர் யார், வேண்டியவர் யார் என்று பாருங்கள். நீதிமன்றத்திலும் ஒரு கேமராவைக் காட்டி, இது உங்கள் முகத்துக்கு நெருக்கமாக இருக்கும், மற்றவர்களுக்கு எளிதில் புரியாததை இதனிடம் சொல்லுங்கள் என்று விளக்குகிறார். அதன் பிறகுதான் அந்த மனிதரும் அந்தக் குடும்பமும் நடந்ததைத் திரும்ப நடித்துக் காட்டுகிறார்கள். கடைசியில் நிஜ மக்மல்பாஃப் வந்து அவரை மோட்டார் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு போகும்போது ஒலி விட்டுவிட்டு வருகிறது. மைக் கோளாறு என்று குழுவினர் பேசிக்கொள்வது கேட்கிறது. அந்த இருவரும் பேசிக்கொண்டதில் பாதி நமக்குக் கிடைக்கவே கிடைக்காது. படத்தின் உச்சக்கட்டமே அந்த இடம். உங்களைப் போன்ற உண்மைப் பிடிவாதக்காரர் ஒருவர் அங்கே இன்னொரு டேக் போயிருப்பார்.

டேக் என்றதும் 1994இல் அவர் எடுத்த 'ஆலிவ் மரங்களின் ஊடாக' நினைவுக்கு வருகிறது. நிலநடுக்கத்தில் சிதைந்த கிராமத்தில் ஒரு படப்பிடிப்பு. அதைப் பற்றிய படம். சொந்தத்தில் 65 பேர் செத்தார்கள் என்று அதில் நடிக்கிற உள்ளூர் இளைஞன் ஒருவன் வசனம் பேச வேண்டும். அவன் 25 என்றே சொல்கிறான். இயக்குநர் திருத்துகிறார். என் சொந்தத்தில் செத்தது 25 பேர்தானே என்கிறான். தன் வீட்டுச் சாவை வசனத்துக்காகக் கூட்டிச் சொல்ல அவனுக்கு வாய் வரவில்லை. படமெடுக்க வந்தவனைத் தடுத்து நிறுத்த அவனுக்கு வாய் இருந்தது. உங்கள் படப்பிடிப்பில் அப்படி யாருக்காவது இருந்ததா?

காவே ஜாஹெதியைப் பற்றி எனக்கு உங்களைவிடக் கொஞ்சம் கசப்பான அபிப்பிராயம் உண்டு. 1991இல் வந்த அவருடைய முதல் படத்தில், தன்னைத் திரும்பிப் பார்க்காத பெண்ணை அந்தப் பெண்ணாகவே நடிக்கவைத்து, தன் அசட்டுத்தனத்தைத் தானே அம்பலமாக்கினார். அது தைரியம். அவமானம் அவருடையது. 1994இல் அப்பாவையும் மாற்றாந்தாய்க்குப் பிறந்த தம்பியையும் படக்குழுவோடு லாஸ் வேகாஸுக்கு அழைத்துப் போய், கேமரா முன்னால் போதை மாத்திரை போட்டுக்கொள்ளச் சொல்லிக் கெஞ்சினார். அப்போதே அடுத்தவர் வாழ்க்கைக்குள் கை நீண்டுவிட்டது. 2015இல் தொடங்கிய தொடர் ஒன்று: ஒவ்வொரு அத்தியாயமும் முந்தைய அத்தியாயத்தை எடுத்த கதை. மனைவியும் குடும்பமும் அதில் வந்தார்கள். போகப்போக மணவாழ்க்கை முறிந்தது, அந்த முறிவும் தொடருக்குத் தீனியானது. கலை என்று பார்த்தால் அபாரம்தான், எனக்கும் மறுப்பில்லை. அந்த வீட்டில் சாப்பாட்டு மேசையில் எதிரே உட்கார்ந்திருக்க எனக்கு விருப்பமில்லை, அவ்வளவுதான். அவர் எடுத்த படங்களைப் பார்த்துப் பாடம் கற்ற நீங்கள், அவர் கொடுத்த விலையையும் சேர்த்துப் பாருங்கள். அக்கா நான்கு மாதமாகப் பேசவில்லை என்பது அதன் முதல் தவணை.

அக்காவை நீங்கள் புரியாதவர்கள் பட்டியலில் சேர்த்திருக்கிறீர்கள். நீங்கள் ப்ளஸ் ஒன் படித்தபோது அவருக்கு என்ன வயது? கல்யாணப் பேச்சு எடுக்கிற வயதாக இருந்திருக்கும். கொடி போன வீட்டில் அடுத்து யாருடைய நகை போயிருக்கும் என்று கணக்குப் போட்டுப் பாருங்கள். படத்தில் அக்கா இருக்கிறாரா என்றுகூட நீங்கள் எழுதவில்லை. அவருக்கு உங்கள் படம் நன்றாகவே புரிந்திருக்கிறது என்று நினைக்கிறேன்.

குடும்பத்துத் துயரத்தைத் தொடாதே என்று நான் சொல்லவில்லை. இயக்குநர் வினோத்ராஜின் 'கூழாங்கல்' படம் எங்கிருந்து வந்தது? கணவன் வீட்டிலிருந்து விரட்டப்பட்ட அவருடைய சகோதரி, கைக்குழந்தையோடு வெயிலில் பல கிலோமீட்டர் நடந்தே பிறந்த வீட்டுக்கு வந்து சேர்ந்தார். அதைத்தான் அவர் எடுத்துக்கொண்டார். ஆனால் சகோதரியைக் கூப்பிட்டு இன்னொரு முறை நடந்து காட்டு என்று வெயிலில் நிறுத்தவில்லை. பெண்ணை நடக்கவைத்த ஆணை, மகனோடு அந்தப் பொட்டலில் நடக்கவைத்தார். நடிகர்களை வைத்து எடுத்தார். அதனால் படத்தில் உண்மை எங்காவது குறைந்துவிட்டதா?

இனி நீங்கள் கேட்டது. 'கூழாங்கல்' படத்தையே அளவுகோலாக வையுங்கள். 2021இல் ராட்டர்டாம் திரைப்பட விழாவில் டைகர் விருது, அதே வருடம் ஆஸ்கருக்கு இந்தியாவின் அதிகாரப்பூர்வப் பரிந்துரை, தயாரிப்பாளர்களாக நயன்தாராவும் விக்னேஷ் சிவனும். அவ்வளவு இருந்தும் ஓடிடியில் பொதுமக்கள் பார்வைக்கு வந்தது 2023 அக்டோபரில். உங்களிடம் இருப்பது ஒரு விழாவின் கடிதம். கியாரோஸ்தமி 1960களில் விளம்பரப் படம் எடுத்துப் பிழைத்தவர், நீங்கள் இன்று செய்கிற அதே தொழில். அப்புறமும் சிறுவர்களுக்கான அரசு நிறுவனம் ஒன்றில் சம்பளத்தில் இருந்துகொண்டுதான் இருபது வருடம் படமெடுத்தார். 'குளோஸ்-அப்'பும் அந்த நிறுவனத்தின் தயாரிப்பே. ஜாஹெதி நியூயார்க்கில் கல்லூரி ஆசிரியராக வேலை பார்த்தவர். 2005இல் அவருக்குக் கிடைத்த, அமெரிக்கச் சுயாதீனப் படங்களுக்கான கோதம் விருதின் பெயரே 'உங்கள் ஊர்த் தியேட்டரில் ஓடாத சிறந்த படம்' என்பதுதான். இந்தத் துறையின் வருமானத்தைப் பற்றி நான் வேறு என்ன விளக்க? வேலையை விடாதீர்கள். கடனால் உங்கள் குடும்பம் பட்ட பாட்டைச் சொல்லக் கடன் வாங்கியிருக்கிறீர்கள். முதலில் நண்பர்களின் கைமாற்றைத் தீருங்கள். ஓடிடிக்காரர்கள் என்றைக்காவது பேச வந்தால், திரையில் தெரிகிற ஒவ்வொருவரின் எழுத்துபூர்வ ஒப்புதலையும் கேட்பார்கள். உங்கள் அம்மா படித்துப் பார்க்காமலே கையெழுத்துப் போட்டுவிடுவார். அதனால்தான் அதற்கு முன்பே நீங்கள் செய்ய வேண்டியது ஒன்று இருக்கிறது.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஊருக்குப் போங்கள். அம்மாவும் அப்பாவும் முழுப் படத்தைப் பார்த்தார்களா என்று நீங்கள் எழுதவில்லை, பார்க்கவில்லை என்றே எடுத்துக்கொள்கிறேன். வீட்டு டிவியில் போட்டுக் காட்டுங்கள். நண்பர்கள் வேண்டாம், கேமராவும் வேண்டாம். அவர்கள் முகத்தைப் படமெடுக்கும் ஆசை வரும், உங்களை எனக்குத் தெரியும். போனைக்கூட வேறு அறையில் வைத்துவிடுங்கள். முடிந்ததும் அந்த ஷாட் இருக்கட்டுமா என்று அம்மாவிடம் தனியாகக் கேளுங்கள். "உன் இஷ்டம் கண்ணு" என்பார். அதைப் பதிலாக எடுத்துக்கொள்ளாதீர்கள். ஒரு வாரம் கழித்து மறுபடி கேளுங்கள். அப்பாவிடமும் தனியாகக் கேளுங்கள். அவரிடம் இதுவரை யாரும் எதையும் கேட்டதில்லை என்று உங்கள் கடிதத்திலிருந்தே தெரிகிறது. பிறகு அக்கா வீட்டுக்கு நேரில் போங்கள், போனில் பேசாதீர்கள்.

மூவரில் ஒருவர் முகம் சுளித்தாலும் மூன்றாவது டேக்கைப் படத்திலிருந்து நீக்கிவிடுங்கள். கவரிங் செயினோடு இரண்டு டேக் இருக்கிறது, நீங்கள் தொழில்முறை எடிட்டர், முடியாது என்று என்னிடம் சொல்ல வேண்டாம். மாற்றிய பிரதியை விழாவுக்கு அனுப்புங்கள். ஏற்க மாட்டோம் என்றால் படத்தைத் திரும்பப் பெற்றுக்கொள்ளுங்கள். ஐந்து விழா நிராகரித்ததைத் தாங்கிய உங்களுக்கு ஆறாவதையும் தாங்க முடியும். அக்கா என்ன சொன்னார் என்று மட்டும் எனக்கு ஒரு வரி எழுதிப் போடுங்கள்.