எத்தனை அப்பாக்கள் – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

நேற்று டிவியில் ‘சிந்து பைரவி’ பார்த்தேன். டெல்லி கணேஷ் நானூறு படங்களுக்கு மேல் நடித்தவர். அவரைப் போய் அப்பா, மாமா, சமையல்காரர் என்றே வைத்திருந்து தமிழ் சினிமா வீணடித்துவிட்டதே என்று வருத்தமாக இருந்தது. உங்களுக்கு அப்படித் தோன்றவில்லையா?

வாசகி, நங்கநல்லூர்

அன்புள்ள வாசகிக்கு,

எனக்குத் தோன்றவில்லை. அப்பா என்று ஒரே வார்த்தையில் சொல்லிவிடுகிறோம், ஆனால் ‘பசி’யில் அவர் நம் சென்னைச் சேரியில் சைக்கிள் ரிக்‌ஷா இழுக்கிற அப்பா, ‘மைக்கேல் மதன காமராஜ’னில் பாலக்காட்டுத் தமிழ் பேசுகிற சமையல்கார மணி ஐயர், அதுவும் அப்பாதான். இந்த இரண்டு பேரும் ஒரே தெருவில் எதிரெதிரே நடந்து வந்தால்கூட ஒரே ஆள் என்று சொல்ல முடியாது. பேச்சு மட்டுமல்ல, தோளும் நடையும்கூட வேறு. இத்தனைக்கும் அவர் தூத்துக்குடி மாவட்டத்து வல்லநாட்டுக்காரர், இரண்டு பேச்சுமே அவருடைய ஊர்ப் பேச்சு கிடையாது. 1979-இல் ‘பசி’க்காகத் தமிழக அரசு அவருக்குச் சிறப்புப் பரிசு கொடுத்தது.

பத்து வருடம் விமானப்படையில் வேலை, டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நடிப்பு, அப்புறம்தான் பாலசந்தரின் ‘பட்டினப்பிரவேசம்’ படமும் ‘டெல்லி கணேஷ்’ என்ற பெயரும். மேடையில் க்ளோசப் கிடையாது, பார்க்கிறவர் கண் யார் மேல் வேண்டுமானாலும் போகும், அதனால் வசனம் இல்லாதவனும் சும்மா நிற்க முடியாது. அந்தப் பழக்கம் அவரிடம் கடைசிவரை இருந்தது. ‘சிந்து பைரவி’யில் நீங்கள் பார்த்த மிருதங்கக்காரர் குருமூர்த்தியையே எடுத்துக்கொள்ளுங்கள். குடித்துவிட்டு வந்த அவரைப் பாடகர் ஜேகேபி விரட்டுகிறார். பிறகு அதே ஜேகேபி குடியில் விழும்போது நமக்கு நெஞ்சு பதறுவது, குருமூர்த்தி பட்ட அவமானத்தை முன்பே பார்த்துவிட்டதால்தான்.

ஒன்று சரி. பல படங்களில் அவருக்கென்று எதுவுமே எழுதாமல், பெண்ணைக் கட்டிக்கொடுத்துவிட்டு அழுகிற ஆளாக நிற்கவைத்தார்கள். எழுதியவர்கள் மேல் எனக்கும் அந்தக் கோபம் உண்டு. ஆனால் அதற்காக நடித்தவருடைய வாழ்க்கையே வீண் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

2024 நவம்பர் 9 அன்று, எண்பது வயதில், இங்கே ராமாபுரத்தில் காலமானார். மறுநாள் இரவு நான் ‘பசி’யைத்தான் மறுபடி பார்த்தேன். நீங்களும் அதைப் பாருங்கள், பார்த்துவிட்டு எழுதுங்கள்.