சட்டம் கேளுங்கள்: இடமாறுதல் ஆணையை எதிர்த்து வழக்குத் தொடரலாமா?

கேள்வி: கோத்தகிரி வட்டாரத்தில் அரசு மேல்நிலைப் பள்ளி ஒன்றில் முதுகலை ஆசிரியராகப் பணிபுரிகிறேன். கட்டட நிதிச் செலவில் கணக்கு ஒத்துவரவில்லை என்று மேலதிகாரிகளுக்கு எழுதிய சில வாரங்களில், ‘நிர்வாக நலன் கருதி’ என்று குறிப்பிட்டு இராமநாதபுரம் மாவட்டத்துக்கு என்னை மாற்றிவிட்டார்கள். மனைவி குன்னூரில் செவிலியர். மகள் பன்னிரண்டாம் வகுப்பு படிக்கிறாள். விடுவிப்பு ஆணையை வாங்காமல் மருத்துவ விடுப்பில் போய்விடச் சொல்கிறார்கள் நண்பர்கள். நீதிமன்றத்தில் தடை கிடைக்குமா?
- பெயர் வெளியிட விரும்பாத வாசகர், நீலகிரி

பதில்: நண்பர்களின் யோசனையை முதலில் கைவிடுங்கள். குஜராத் மின் வாரிய ஊழியர் ஒருவர், மாறுதலை எதிர்த்து மனுக் கொடுத்திருக்கிறோமே என்று புதிய இடத்தில் சேராமலே இருந்து வேலையை இழந்தார். அந்தப் பணி நீக்கத்தை 1989-இல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. ஆணை நிறுத்தி வைக்கப்படாத வரை அதற்குக் கீழ்ப்படிந்தே தீர வேண்டும் என்பதுதான் இன்றும் சட்ட நிலை.

மனைவியின் வேலையையும் மகளின் படிப்பையும் மனுவின் முதுகெலும்பாக ஆக்கிவிடாதீர்கள். ஷில்லாங்கிலிருந்து பௌரிக்கு மாற்றப்பட்ட தாவரவியல் ஆய்வுத் துறை ஊழியர் அப்பாஸ், மனைவியின் பணி, பிள்ளைகளின் படிப்பு ஆகியவற்றைச் சொல்லித்தான் தீர்ப்பாயத்தில் வென்றார். ஆனால் கணவன், மனைவியை ஒரே ஊரில் பணியமர்த்துவது பற்றிய வழிகாட்டு நெறிகள் சட்ட உரிமை தருவதில்லை என்று கூறி, 1993-இல் உச்ச நீதிமன்றம் அந்த வெற்றியை ரத்து செய்தது. ஆசிரியர் மாறுதலுக்கான கலந்தாய்வு விதிமுறையும் சட்ட விதியாக இல்லாமல் அரசாணை அளவிலானதாக இருந்தால், அதை மீறியதை மட்டும் காட்டி வெல்வது கடினம். குடும்பச் சூழலைத் துறைக்கு அளிக்கும் முறையீட்டில் விரிவாக எழுதுங்கள். மனமிரங்க வேண்டியது துறைதான்.

உங்கள் வழக்கின் உயிர் அந்தப் புகார்க் கடிதத்தில்தான் இருக்கிறது. தண்டனைக்குப் பதிலாகப் பிறப்பிக்கப்படும் மாறுதல் ஆணை செல்லாது என்பதை சோமேஷ் திவாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. உங்கள்மீது குற்றம் இருந்தால் குறிப்பாணை கொடுத்து விசாரிக்கலாம். குற்றம் எதுவும் இல்லாமல், கணக்குக் கேட்டதற்காகவே மலையிலிருந்து கடற்கரைக்கு அனுப்புவது பழிவாங்கல். நேர்மையாகப் பணியாற்றும் ஆசிரியர் ஒருவருக்கு இது நேர்ந்திருப்பது எனக்கு மிகுந்த வருத்தமளிக்கிறது. ஆயினும் ‘உள்நோக்கம்’ என்று எழுதிவிட்டால் மட்டும் போதாது. தமிழகத்தின் தலைமைச் செயலாளர் பொறுப்பிலிருந்து மாற்றப்பட்ட இ.பி. ராயப்பா தொடுத்த வழக்கில், உள்நோக்கத்தை நிரூபிக்கும் சுமை மிகக் கனமானது என்று 1974-இல் கூறிய உச்ச நீதிமன்றம், அவருடைய மனுவைத் தள்ளுபடி செய்தது. எனவே உங்கள் கடிதத்தின் நகல், அது சென்று சேர்ந்த தேதிக்குச் சான்று, மாறுதல் ஆணையின் தேதி ஆகியவற்றை வரிசைப்படுத்தி வையுங்கள். யார்மீது உள்நோக்கம் சுமத்துகிறீர்களோ, அந்த அதிகாரியைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்த்துக்கொள்ளுங்கள். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கோப்புக் குறிப்புகளைக் கேளுங்கள். ஆனால் பதிலுக்கு முப்பது நாள் வரை ஆகலாம் என்பதால், அதற்காக வழக்கைத் தள்ளிப் போடாதீர்கள். நீங்கள் விடுவிக்கப்பட்டு அந்த இடத்தில் வேறொருவர் சேர்ந்துவிட்டால், நீதிமன்றம் தடை தரத் தயங்கும்.

மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இப்போது இல்லையாதலால், அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவின்படி சென்னை உயர் நீதிமன்றத்தில் நேரடியாக ரிட் மனு தாக்கல் செய்ய வேண்டும். தடை கிடைப்பதற்குள் விடுவித்துவிட்டால், வழக்குக்கு உட்பட்டே சேர்வதாக எழுதிக் கொடுத்துப் பணியேற்றுக்கொள்ளுங்கள். பணியில் சேர்ந்த பிறகும் ஆணையை எதிர்க்கும் உரிமை உங்களுக்கு உண்டு.

கேள்வி: கொடைக்கானலில் அஞ்சல் துறையில் வேலை செய்கிறேன். என் மாறுதலை எதிர்த்து உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போகலாமா?
- வாசகி, கொடைக்கானல்

பதில்: நேரடியாகப் போக முடியாது, அம்மா. திண்டுக்கல் மாவட்டம் மதுரைக் கிளையின் எல்லைக்குள் வருவதால், உங்கள் ஊர் மாநில அரசு ஊழியர்கள் அங்கே செல்லலாம். மத்திய அரசு ஊழியரான நீங்களோ சென்னையில் உள்ள மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தைத்தான் முதலில் அணுக வேண்டும். அதற்கும் முன்பாகத் துறைக்கு முறையீடு அனுப்பியிருப்பது அவசியம். பதில் வராவிட்டால் ஆறு மாதம் காத்திருக்க வேண்டும் என்பது 1985-ஆம் ஆண்டின் நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டத்தின் பொது விதி. ஆனால் ‘சாதாரணமாக’ என்ற சொல் அதில் இருப்பதால், உடனே விடுவிக்கப்படும் நிலையில் உள்ளவர்கள் அவசரத்தை விளக்கி முன்கூட்டியே மனுச் செய்யலாம். தீர்ப்பாயத்தில் தோற்றால் அடுத்த கட்டமாக உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வை நாடலாம்.