முழங்கால் வலியுள்ள தாயாருக்கு வரையாடு காட்ட

வணக்கம். முழங்கால் வலியுள்ள தாயாரைப் பிப்ரவரியில் மூணாறு அருகிலுள்ள இரவிகுளத்துக்கும் உதகைக்கும் அழைத்துச் சென்று வரையாட்டையும் தோடர் பழங்குடியினரின் குடியிருப்பான ‘மந்து’ ஒன்றையும் காட்ட முடியுமா என்று கேட்டிருந்தீர்கள். வரையாடுகள் குட்டி ஈனும் பருவம் என்பதால் இரவிகுளம் தேசியப் பூங்கா வழக்கமாகப் பிப்ரவரி, மார்ச் மாதங்களில் மூடப்பட்டிருக்கும். எனவே அதைத் திட்டத்திலிருந்து எடுத்துவிடுங்கள்.

அதற்குப் பதிலாக, ஆழியாற்றிலிருந்து வால்பாறைக்கு ஏறும் சாலையில், 40 கொண்டை ஊசி வளைவுகளுள் 9-ஆம் வளைவை ஒட்டிய பாறைச் சரிவிலும் தடுப்புச் சுவரிலும் வரையாடுகள் அடிக்கடி தென்படுவதால், தாயார் வண்டியில் அமர்ந்தபடியே பார்க்க வாய்ப்புண்டு. அவற்றுக்குத் தின்பண்டம் எதையும் தயவுசெய்து கொடுக்காதீர்கள். சாலையோரத்துக்குப் பழகிய விலங்கு வண்டியில் அடிபட்டுச் சாவதைப் போலக் கொடுமை வேறில்லை.

உதகைக்கு இ-பாஸ் (வண்டிக்கான இணைய அனுமதிச் சீட்டு) தேவையா என்பதைப் புறப்படுமுன் பார்த்துக்கொள்ளுங்கள். மந்து என்பது மக்கள் வாழும் இடம் என்பதால், உள்ளூர்க்காரர் ஒருவர் மூலம் முன்கூட்டியே அனுமதி பெற்றுச் செல்வதே முறை. மந்திலுள்ள தோடர் கோயிலுக்குள் நுழைய முயலக் கூடாது, கேட்காமல் படம் எடுக்கவும் கூடாது. தாயாருக்குத் தையலில் ஈடுபாடு இருந்தால், தோடர் பெண்கள் பூத்தையல் செய்வதை அருகிலிருந்து பார்க்கச் செய்யுங்கள்: வெள்ளைத் துணியில் முன்கூட்டி எந்தக் கோடும் வரையாமல், நெசவின் இழைகளை எண்ணி எண்ணியே சிவப்பும் கறுப்புமான நூலால் உருவங்களை எழுப்புகிறார்கள். 2013-இல் புவிசார் குறியீடு பெற்ற இந்தப் பூத்தையலிட்ட சால்வையை அவர்களிடமே நேரடியாக வாங்குங்கள், பேரம் பேசாமல்.