வாசகர் கேட்டவை

கேள்வி: உலகக் கோப்பைக் கால்பந்தில் அதிக கோல் அடித்தது ஒரு பெண் என்கிறான் என் பேரன். உண்மையா? – ஒரு வாசகர், கோவில்பட்டி

உண்மைதான், பேரன் பக்கம் தப்பில்லை. பிரேசிலின் மார்த்தா, ஐந்து உலகக் கோப்பைகளில் 17 கோல். ஆண்களில் அப்போது முதலிடத்தில் இருந்த ஜெர்மனியின் க்ளோசா 16. அதை 2019-ல் இத்தாலிக்கு எதிரான பெனால்டியில் மார்த்தா தாண்டினார்.

1941-லிருந்து 1979 வரை பெண்கள் கால்பந்து ஆடவே சட்டத்தில் தடை இருந்த நாடு பிரேசில். தடை போய் சில வருஷம் கழித்து, 1986-ல், அலகோவாஸ் மாநிலத்துச் சின்ன ஊர் ஒன்றில் பிறந்த மார்த்தா, தெருவில் பையன்களோடு ஆடிப் பழகி, 14 வயதில் மூன்று நாள் பஸ்ஸில் உட்கார்ந்து ரியோவுக்குப் போய் வாஸ்கோ கிளப்பில் சேர்ந்தார். அப்புறம் 2004-ல் ஸ்வீடனின் ஊமியோ கிளப். பிரேசில் வெயிலிலிருந்து நேராகப் பனிக்கு! ஃபிஃபாவின் சிறந்த வீராங்கனை விருது ஆறு முறை, அதில் ஐந்து தொடர்ச்சியாக.

ஆனால் உலகக் கோப்பை மட்டும் கைக்கு வரவில்லை. 2007 இறுதிப் போட்டியில் இவர் அடித்த பெனால்டியையே ஜெர்மனி கோல்கீப்பர் தடுத்துவிட்டார், தோல்வி 2-0.

எனக்குப் பிடித்தது வேறு. 2019-ல் ஆஸ்திரேலியாவுக்கு எதிராக கோல் போட்டதும் காலைத் தூக்கித் தன் ஷூவைக் காட்டினார். கறுப்பு ஷூ, எந்த கம்பெனி முத்திரையும் இல்லை. ஆண் பெண் சமத்துவத்துக்கான சின்னம் மட்டும். ஆண்களுக்குத் தருவதைவிட ரொம்பக் குறைவாகத் தர வந்த ஸ்பான்சரை வேண்டாம் என்று சொல்லிவிட்டுத்தான் அப்படி ஆட வந்திருந்தார்.